பிறைக்கு விட்ட வாணம்

சந்திரனுக்குப் போகிறவன் நோன்புப் பெருநாளை எப்படிக் கண்டுபிடிப்பான் என்று எங்கள் ஊரில் முதன்முதலில் கேட்டது என் காக்காதான். காக்கா என்றால் மூத்த அண்ணன். எங்கள் பக்கத்து முஸ்லிம் வீடுகளில் அப்படித்தான் கூப்பிடுவோம். பறவையை நினைத்துச் சிரிக்க வேண்டியவர்கள் இப்போதே சிரித்துவிடுங்கள். போகப்போக இதில் சிரிக்க அதிகம் இடமில்லை.

முப்பதுகளின் நடுப்பகுதி. கேள்வி எழுந்த இடம் பள்ளிவாசல் குளத்துப் படிக்கட்டு. கேட்கப்பட்டவர் லெப்பை, அதாவது பள்ளியில் தொழவைக்கிறவர். "பிறையக் கண்டு நோன்பு பிடிக்கோம், பிறையக் கண்டு நோன்பு விடுதோம். அந்தப் பிறைக்க மேலேயே ஏறி நிக்கப்பட்டவன் எதக் கண்டு பிடிப்பான், எதக் கண்டு விடுவான்?" என்றானாம். கூட இருந்தவர்கள் கிறுக்கு முற்றிவிட்டது என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். லெப்பை மட்டும் தாடியைத் தடவிக்கொண்டு கொஞ்ச நேரம் யோசித்தார். "அவன் பயணியாக்கும். பயணிக்கு நோன்பு கட்டாயமில்ல. போன சோலி முடிஞ்சு வீட்டுக்கு வந்தப் பெறவு களா பிடிக்கட்டு" என்றார். விட்டுப்போன நோன்பை வேறொரு நாளில் பிடித்து அடைப்பதுதான் களா. காக்கா இதைச் சாப்பாட்டு நேரத்தில் சொல்லிச் சொல்லிச் சிரித்தான். "என்ன ஒரு மூளை மனுசனுக்கு! சந்திரனுக்குப் போனாலும் வீட்டுக்குத் திரும்பி வந்துதான் தீரணும்னு தீர்ப்புச் சொல்லிப்போட்டாரே!" என்றான். மைனியும் முக்காட்டுக்குள் சிரித்தாள். மைனி என்றால் அவன் பெண்டாட்டி.

குளச்சலுக்கு மேற்கே, ஆறு கடலில் விழும் பொழிமுகத்தில் எங்கள் துறை. வாப்பாவின் தோணி கொப்பரையும் கயிறும் ஏற்றிக்கொண்டு கொழும்புக்குப் போகும். தோணி என்றதும் மீன்பிடி வள்ளத்தை நினைக்காதீர்கள். இரண்டு பாய்மரம் வைத்த பெரிய மரக்கலம் அது. காக்கா வருடத்தில் பாதி நாள் அதில்தான் கிடப்பான். திரும்பி வரும்போது மைனிக்குச் சேலையும் எனக்குப் பத்திரிகையும் கொண்டுவருவான். நான் மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தவள். வயதுக்கு வந்ததும் போதும் படித்தது என்று வீட்டுக்குள் உட்காரவைத்துவிட்டார்கள். அந்தக் கோபம் எனக்கு இன்றைக்கும் ஆறவில்லை. மைனிக்கு அரபு எழுத்தில் எழுதிய தமிழ் தெரியும், தமிழ் எழுத்து தெரியாது. ஆகவே நான் வாசிப்பேன், அவள் கேட்பாள்.

அந்தப் பத்திரிகையில் ஒரு தொடர்கதை வந்துகொண்டிருந்தது. ஒரு வாத்தியாரும் அவருடைய மருமகனும் இரும்புக் கூண்டு ஒன்றில் ஏறி, அதன் அடியில் மருந்தைக் கொளுத்தி, சந்திரனுக்குப் போகிறார்கள். மருமகனின் பெண்டாட்டி ஊரில் மொட்டைமாடியில் நின்று பார்த்துக்கொண்டிருக்கிறாள். அங்கே போய்ச் சேர்ந்ததும் ஒரு பச்சை வெளிச்சம் காட்டுவதாக அவளுக்கு வாக்குக் கொடுத்துவிட்டுத்தான் போகிறான். எழுதியவனுக்கு நடை வராது, உவமை கொட்டிக் கொட்டி எழுதுவான். ஆனால் சந்திரனில் இறங்கும் இடத்தை எழுதியிருந்தான் பாருங்கள், அதை மட்டும் நான் திரும்பத் திரும்ப வாசித்தேன். அங்கே காற்று கிடையாதாம். காற்று இல்லாததால் சத்தமும் கிடையாதாம். மருமகன் பள்ளத்தில் விழுந்து தொண்டை கிழியக் கத்துகிறான், அடுத்தாற்போல் நிற்கும் மாமனாருக்குக் கேட்கவில்லை. அவர் பாட்டுக்குக் கல்லைப் புரட்டிப் பார்த்துக்கொண்டு நிற்கிறார்.

"கேட்டியா, அங்க வெளிச்சத்தாலதான் பேசணும்" என்றான் காக்கா.

மைனிக்கு இது கட்டுக்கதை என்று எத்தனை தடவை சொன்னாலும் ஏறவில்லை. ஏறாதது அவள் தப்பும் இல்லை. காக்காவே அந்தக் கதையோடு சேர்த்து ஆங்கிலப் பத்திரிகைச் செய்திகளையும் சொல்வான். அமெரிக்காவில் ஒரு வாத்தியார் வயலில் நின்று ராக்கெட் விடுகிறார், ஜெர்மன்காரர்களும் விடுகிறார்கள், ஒருநாள் மனிதன் அதில் ஏறிச் சந்திரனுக்கே போவான் என்கிறார்கள் என்பான். எது நடந்தது, எது எழுதியது என்று அவள் எப்படிப் பிரிப்பாள்? அந்தக் கதை கேட்ட நாளிலிருந்து மைனி முற்றத்தில் நிற்கும்போது நிலா மேலே வந்துவிட்டால் முக்காட்டை நெற்றி வரை இழுத்துவிட்டுக்கொள்வாள். "அங்க அன்னிய ஆம்பிளைய நிக்கியாவல்லா?" என்பாள். முதலில் நான் வயிறு வலிக்கச் சிரித்தேன். பிறகு ஒருநாள் என் கையும் தானாக முக்காட்டுக்குப் போனது. மேலேயிருந்து யாரோ பார்ப்பதுபோல ஒரு கூச்சம் முதுகில் ஏறிவிட்டது. அது வந்தால் லேசில் போவதில்லை.

காக்கா கேட்டதோடு நிற்கிறவன் இல்லை. தக்கலைப் பக்கம் கோயில் திருவிழாவுக்கு வெடி கட்டுகிறவர்களோடு சிநேகம் பிடித்து வாணம் கட்டப் படித்துவிட்டான். காகிதக் குழாயில் வெடியுப்பும் கந்தகமும் கரியும் கிட்டித்து, மூங்கில் சிம்பு வைத்துக் கட்டி, வீட்டுப் பின்புறத்துத் தென்னைகளுக்கு மேலே விடுவான். வாப்பா ஏசுவார். உம்மா இறந்து சில வருடங்கள் ஆகியிருந்தன, ஆகவே வீட்டில் அவனைத் தாங்கிப் பேச மைனியும் நானும்தான்.

அந்த வாணத்தை அவன் பள்ளிவாசலுக்கும் கொண்டுபோனான். நோன்பு இருபத்தொன்பதாம் நாள் அந்தியில் ஆண்கள் கடற்கரையில் கூடி நின்று பிறை பார்ப்பார்கள். கண்டுவிட்டால் பள்ளியில் கதினா போடுவார்கள், இரும்புக் குற்றியில் மருந்தடைத்து வெடிக்கிற பெரிய வெடி அது. ஆனால் காற்று எதிராக இருந்தால் ஆற்றுக்கு அந்தப் பக்கம்கூடக் கேட்காது. சத்தம் போகாத இடத்துக்கு வெளிச்சம் போகும் என்று காக்கா சொன்னான். பிறை கண்ட ஊர் ஒரு வெள்ளை வாணம் விடட்டும், அதைக் கண்ட அடுத்த ஊர் தானும் ஒன்று விடட்டும் என்று கரை நெடுகப் போய்ப் பேசி முடித்தான். முதல் வருடம் குளச்சலில் கண்ட பிறை எங்களுக்கு வாணமாக வந்தது. குளச்சல் எங்களுக்குத் தென்கிழக்கே, கரை வளைந்து போவதால் அந்த வாணம் கடலுக்குள்ளிருந்து எழுந்ததுபோலத் தெரிந்தது. ஊரே காக்காவைத் தூக்கிக் கொண்டாடியது. முறைத்தவர்களெல்லாம் மூளைக்காரன் என்றார்கள். மறு வருடமும் அப்படியே ஆயிற்று. எங்கள் கரைக்கு வாணத்தை வாசிக்கக் கற்றுக்கொடுத்தது அவன்தான், வேறு யாருமில்லை.

மூன்றாவது வருடம் நோன்பு கார்த்திகை மழையோடு சேர்ந்து வந்தது. நோன்பு தொடங்குவதற்கு முன்பே காக்கா கொழும்புக்குப் புறப்பட்டான். பள்ளிக்கு வேண்டிய வெள்ளை வாணங்களைத் தகரப்பெட்டியில் அடைத்து மோதியாரிடம் கொடுத்தான். பள்ளியில் பாங்கு சொல்கிறவர் மோதியார், வாணம் கொளுத்துகிற வேலையும் அவருக்குத்தான். பிறகு வீட்டில் வேறு சில வாணங்களைக் கட்டினான். கொழும்பில் வாங்கிய ஏதோ மருந்தை அதில் கலந்திருந்தான், அது பச்சையாக எரியும். ஒன்றே ஒன்றை மைனி கையில் கொடுத்துவிட்டு மற்றதைத் தன்னோடு எடுத்துக்கொண்டான்.

"பெருநாளுக்கு வந்திருவேன். துறைக்க நேரே வந்ததும் கடல்லருந்து பச்சை ஒண்ணு விடுவேன். ஒண்ணே ஒண்ணுதான், கேட்டியா? கண்டதும் நீ மாடியிலருந்து உனக்க பச்சைய விடணும். நீ கண்டுட்டேன்னு எனக்குத் தெரியணும்லா. பெறவு சோறு வை" என்றான்.

"அந்தக் கதையில உள்ளது போலயா?" என்று கேட்டாள் மைனி. அவளுக்கு முகமெல்லாம் பூரிப்பு.

"அத எழுதினவனுக்கு மூளை பத்தாது. அவ திருப்பி வெளிச்சம் காட்டுன மாதிரி எழுதல்லியே. பாவி, அவன் மேல ஒத்தையில கெடந்து என்ன செய்வான்?" என்றான் காக்கா. பிறகு என் தலையில் ஒரு குட்டு வைத்து, "கதைக்க முடிவையும் கொண்டு வாறேன், ஏட்டி" என்றான். தொடர் அதற்கு முந்தின இதழில், மருமகன் சந்திரனில் பச்சை மருந்தைக் கொளுத்துகிற இடத்தில் நின்றிருந்தது.

மழை விடவில்லை. மழை தீராமல் பாய் விரிக்காதே என்று வாப்பா கொழும்புக்குப் போன ஒருவரிடம் சொல்லி அனுப்பினார். சொல்லி அனுப்பியதும் மகன் கேட்டுவிட்டான் என்று நிம்மதியாக இருந்துவிட்டார். ஊரில் பெரிய மனிதர்களுக்கு அந்த வியாதி உண்டு.

இருபத்தொன்பதாம் நோன்பு அந்தி. மேற்கே மேகம் அப்பிக்கிடந்தது. நானும் மைனியும் நோன்பு திறந்துவிட்டு மொட்டைமாடிக்குப் போனோம். கடற்கரையில் ஆண்கள் அண்ணாந்தபடி நின்றார்கள். மேகத்தில் ஒரு கீறல்கூட இல்லை. இனி எங்கே தெரியப்போகிறது, நாளைக்கும் நோன்புதான் என்று பேசிக்கொண்டு ஒவ்வொருவராகத் திரும்பத் தொடங்கினார்கள். அப்போதுதான் அது எழுந்தது.

தெற்கே, கடல் இருட்டுக்குள்ளிருந்து ஒரு கோடு மேலே போனது. சத்தமே இல்லை. காற்று நிலத்திலிருந்து கடலைப் பார்க்க அடித்துக்கொண்டிருந்தது, அதனால் ஒரு சீறல்கூட எங்களிடம் வந்து சேரவில்லை. மேகத்தைத் தொடுவதற்குமுன் விரிந்து எரிந்தது. பச்சை. கொஞ்ச நேரம் மைனியின் முகம், என் கை, மாடிச் சுவர், தென்னையோலை எல்லாமே பச்சையாக நின்றன. நான் வாசித்த கதைக்குள் யாரோ என்னைத் தூக்கி நிறுத்திவிட்டதுபோல இருந்தது, அது நல்லதா கெட்டதா என்று தெரியவில்லை.

"வந்துட்டாவ!" என்றாள் மைனி. அவ்வளவுதான் சொன்னாள். கீழே ஓடினாள்.

அதற்குள் கடற்கரையில் ஒரே ஆரவாரம். "குளச்சல்ல கண்டாச்சு! பிறை கண்டாச்சு!" என்று கத்திக்கொண்டு ஆட்கள் பள்ளியைப் பார்த்து ஓடினார்கள். மோதியார் தகரப்பெட்டியைத் திறந்து வைத்துக்கொண்டுதான் உட்கார்ந்திருந்திருக்கிறார். கதினா முழங்கியது. காக்கா கட்டிக்கொடுத்த வெள்ளை வாணம் பள்ளிக்கு மேலே போனது, அதன்பின் இன்னொன்றும் போனது. பள்ளியில் அல்லாஹு அக்பர் என்று பெருநாள் தக்பீர் தொடங்கிவிட்டது. மைனி ஒரு கையில் தன் வாணத்தோடும் மறுகையில் அடுப்புக் கொள்ளியோடும் மேலே வந்தாள். என்னிடம் கொடு என்றேன், தரவில்லை. சுவர் இடுக்கில் சிம்பைச் செருகி, அவன் சொல்லிக்கொடுத்தபடி கையை நீட்டிப் பற்றவைத்து, விலகி நின்றாள். எங்கள் பச்சை நேராக ஏறிப்போய் அழகாக எரிந்தது. அவள் கைகொட்டினாள், சத்தியமாகக் கைகொட்டினாள். பிறகு சோறு வைக்கப் போனாள்.

நான் மாடியிலேயே நின்றேன். கடலில் மறுபடி ஒரு பச்சை எழுந்தது. "அதாக்கும் முட்டத்துக்காரன்!" என்று கீழே தெருவில் யாரோ சொன்னார். முட்டம் குளச்சலுக்கும் அப்பால் உள்ள ஊர். கொஞ்சம் இடைவெளி விட்டு இன்னொன்று எழுந்தது. "கரை பூரா கண்டாச்சு, அல்ஹம்துலில்லாஹ்!" என்றார்கள். ஒவ்வொன்றுக்கும் எங்கள் பள்ளியிலிருந்து வெள்ளை ஒன்று போனது. மூன்றாவதும் அதே இடத்திலிருந்துதான் எழுந்தது. ஒண்ணே ஒண்ணுதான் என்று அவன் சொன்னது நினைவுக்கு வந்தது. மைனியைக் கூப்பிட்டேன். அவள் அகப்பையோடு வந்தாள். நாலாவது எழுவதை அவளும் பார்த்தாள். அகப்பையைக் கீழே வைக்கவே மறந்துபோய் நின்றாள்.

வாப்பா அப்போதுதான் கடற்கரையிலிருந்து வீட்டுக்கு வந்தார். மைனி அவரிடம் அப்படியெல்லாம் பேசுகிறவள் இல்லை, அன்று கதவுக்குப் பின்னால் நின்று பேசினாள்.

"மாமா, அது குளச்சல் இல்ல. அவியளாக்கும். ஒண்ணுதான் விடுவேன்னு பறஞ்சாவ. இது நாலாவது. வல்லதும் ஆபத்தாயிருக்கும். வள்ளம் இறக்கச் சொல்லுங்க மாமா."

"பெருநாளும் அதுவுமா என்ன பேச்சு பிள்ள இது? மழை தீராம ஏறாதேன்னு ஆள் விட்டுச் சொல்லியிருக்கேன். எனக்க மவன் எனக்க சொல்லுக்கு மேல போவமாட்டான்."

"பச்சை, வாப்பா! பள்ளி வாணம் வெள்ளையில்லா? இது பச்சை!" என்று நான் கத்தினேன்.

"மேகத்துக்கு அடியில எல்லாம் அப்பிடித்தான் தெரியும். போட்டி உள்ள!"

நான் உள்ளே போகவில்லை. தெருவாசலுக்கு ஓடிப்போய், தக்பீர் சொல்லிக்கொண்டு போன வாப்பாவின் தம்பியைக் கையைப் பிடித்து நிறுத்தினேன். கடலில் காக்கா என்று நான் சொல்லி முடிப்பதற்குள் அவர் சிரித்துக்கொண்டே என் வாயில் ஒரு துண்டு தொதலைத் திணித்துவிட்டுப் போய்விட்டார். அரிசிமாவும் கருப்பட்டியும் தேங்காய்ப்பாலும் சேர்த்துக் கிண்டுகிற பெருநாள் பண்டம் அது, வாயில் ஒட்டிக்கொண்டால் பேச முடியாது. தெருவில் அத்தனை பேர் போனார்கள். கதினாவும் தக்பீரும் பிள்ளைகளின் கூச்சலும் சேர்ந்த அந்த இரைச்சலில் நான் கத்தியது எனக்கே கேட்கவில்லை. கல்லைப் புரட்டிப் பார்த்துக்கொண்டு நின்ற அந்த மாமனார் நினைவுக்கு வந்தார். திரும்பி மாடிக்கு வந்தபோது மைனி சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கடல் வெறும் இருட்டாகக் கிடந்தது. அதற்குப் பிறகு ஒன்றும் எழவில்லை.

மறுநாள் பெருநாள். குளித்து, புதுத்துணி உடுத்து, தொழுது, கட்டிப்பிடித்து எல்லாம் முடிந்து ஊர் சாப்பிட உட்கார்ந்த நேரத்தில், குளச்சலிலிருந்து கால்வாய் வழியே வள்ளத்தில் ஒரு பெரியவர் வந்தார். நேரே எங்கள் வீட்டுக்கு வந்தார். வாப்பா இலை போடச் சொன்னார். அவர் கையை உயர்த்தித் தடுத்தார்.

"நான் நோன்பாக்கும்" என்றார். "எங்களுக்கு நேற்று பிறை தெரியல்ல. நிங்க வாணம் விட்டதக் கண்டோம். ஆனா வாணத்தக் கண்டு நோன்ப விட ஒக்குமா? கண்ணால பிறை கண்ட ஆளு வேணும். அந்தச் சாட்சியக் கேட்டுட்டுப் போவத்தான் வந்தேன். கண்டது ஆரு?"

முன்கட்டில் பெருநாள் சாப்பாட்டுக்கு வந்திருந்தவர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். வாப்பா தன் தம்பியைப் பார்த்தார், தம்பி லெப்பையைப் பார்த்தார், லெப்பை மோதியாரைப் பார்த்தார். "நிங்க விட்டதக் கண்டுதானே நாங்க விட்டோம்" என்றார் மோதியார்.

"நாங்க ஒண்ணும் விடல்லியே" என்றார் குளச்சல்காரர்.

உள்கட்டில் கதவோரம் நின்ற மைனி மெல்லத் தரையில் உட்கார்ந்தாள். வாப்பா கை கழுவாமல் எழுந்து, எச்சில் கையோடு கடற்கரைக்கு ஓடினார். அவர் ஓடி நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். எங்களுக்கு மேற்கே வேதக்கார மீனவர்களின், அதாவது கிறிஸ்தவர்களின், துறை உண்டு. அவர்களும் அந்த வாணங்களைப் பார்த்திருக்கிறார்கள். "நிங்களுக்க பிறை வாணம்னுல்லா நெனச்சோம் மொதலாளி!" என்று தலையில் அடித்துக்கொண்டு கட்டுமரங்களை இறக்கினார்கள். அந்தி வரை தேடினார்கள். பாய்மரத்தின் ஒரு துண்டும், சரக்கறை மூடிப் பலகை ஒன்றும், அவிழ்ந்த பாய்க்கயிறும் கிடைத்தன. ஆள் யாரும் கிடைக்கவில்லை.

அன்று அந்தியில் மேகம் விலகியது. புதுத்துணியும் அத்தருமாக ஊரே கடற்கரையில் நின்றது. கட்டுமரங்கள் திரும்புவதைப் பார்க்க நின்றவர்கள்தான், வேறு எதற்கும் இல்லை. அவர்களுக்கு நேர் எதிரே, கடலுக்கு மேலே, நகக்கீற்றுப்போல முதல் பிறை வந்து நின்றது. அப்போதுதான் வந்திருந்தது. யாரும் தக்பீர் சொல்லவில்லை. ஒருவரும் கதினா போடவில்லை. அத்தனை பேரும் அதைப் பார்த்துக்கொண்டு மூச்சு விடாமல் நின்றதை நான் மாடியிலிருந்து பார்த்தேன், எனக்குப் பயமாக இருந்தது. என் பக்கத்தில் மைனியும் பிறையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். முக்காடு தோளில் கிடந்தது. அவள் அதை இழுத்து விடவில்லை.

லெப்பை ஊருக்கெல்லாம் ஒரு நாள் களா நோன்பு என்றார். கடலில் போனவர்களுக்கு உடல் இல்லாமலே தொழுகை நடத்தினார்கள். மைனி இத்தாவில் உட்கார்ந்தாள். கணவனை இழந்தவள் சில மாதம் அன்னிய ஆண் கண்ணில் படாமல் அறைக்குள் இருக்க வேண்டும், அதுதான் இத்தா. அந்த நாட்களில் கொழும்பிலிருந்து வந்த சொந்தக்காரர் ஒருவர் காக்கா எனக்காக எடுத்துவைத்துவிட்டு மறந்துவந்த பத்திரிகையைக் கொண்டுவந்து கொடுத்தார். கதையின் முடிவு அதில் இருந்தது. எல்லாமே மருமகன் கண்ட கனவாம்! சந்திரனும் இல்லை, கூண்டும் இல்லை, மத்தியானம் சாப்பிட்டுவிட்டுத் தூங்கிவிட்டானாம். எனக்கு வந்த ஆத்திரத்தில் அதைக் கிழித்து அடுப்பில் போட்டேன். மைனி அறைக்குள்ளிருந்து என்ன ஆச்சு என்று கேட்டாள். "எளவு, ஒக்கக் கனவாம் மைனி" என்றேன்.

அவள் கதவருகே வந்தாள். "அப்போ மாடியில நின்னு பச்சையப் பாத்தவ? அவளும் கனவா?" என்று கேட்டாள்.

அதன்பின் ஒருநாள் காலையில் ஒரு ஆள் வந்தார். தோணியில் சமையல் செய்தவர். தோணி உடைந்தபோது ஒரு பலகையைப் பிடித்துக்கொண்டு மிதந்து, மேற்கே பூவாறு பக்கம் ஒதுங்கி, அங்கே மீனவர்கள் வீட்டில் காய்ச்சலில் கிடந்து பிழைத்தவர். வாப்பாவுக்கு அவரை எதிர்கொள்ளத் தெம்பில்லை, படுத்தேவிட்டார். முன்கட்டில் அவர் உட்கார்ந்தார். அறைக்கதவு ஒருக்களித்து இருந்தது. கதவுக்குப் பின்னால் இருட்டில் மைனி இருந்தாள். வாசல் நடையில் நான் நின்றேன்.

அவர் நல்ல மனிதர். ஆறுதல் சொல்லத்தான் அத்தனை தூரம் நடந்து வந்திருந்தார்.

"சின்ன மொதலாளி கடைசி வரைக்கும் தைரியமாத்தான் இருந்தாரு பிள்ளே. கரை கண்ணுல தெரியுது, தோணிக்கு அடியில பலகை விட்டு வெள்ளம் ஏறிப்போச்சு. சின்ன வள்ளத்த இறக்கியாச்சு, நாங்க பாதிப்பேரு அதுல ஏறியும் ஆச்சு. அப்பந்தான் அவரு வாணம் விட்டாரு. ஒடனே கரையில வெள்ளையாட்டு ஒண்ணு போச்சு. அதப் பாத்ததும் தலையில அடிச்சாரு. 'அது நான் கட்டினது, பிறைக்குள்ளது. நம்மளப் பிறைன்னு நெனச்சிட்டானுவ'ன்னு பறஞ்சாரு. செரி, அவரும் வள்ளத்துல ஏறதுக்குக் காலத் தூக்கியாச்சு. அப்பம் பாத்து ஒரு பச்சை போச்சு பிள்ளே, உங்க மாடிக்கு நேரே! அவருக்கு வந்த சிரிப்பப் பாக்கணும். 'இது எனக்குள்ளது. எனக்க வீட்டுக்காரி கண்டுட்டா'ன்னாரு. 'எல்லாரும் மேல ஏறுங்கலே. இந்த இருட்டுல பொழிமுகத்துல போனா வள்ளம் கவுந்திரும். அவ வாப்பாட்ட பறவா, கரையிலருந்து பெரிய வள்ளம் வரும்'னாரு. வாற வள்ளத்துக்கு வழி தெரியணும்னு மிச்சம் இருந்த வாணத்தயும் ஒவ்வொண்ணா விட்டாரு. வெளுக்கதுக்கு முன்ன தோணி ரெண்டாப் பொளந்து போச்சு, கட்டிப்போட்ட சின்ன வள்ளமும் கூடப் போச்சு. அதுவரைக்கும் கரையத்தான் பாத்துட்டு நின்னாரு. ஒரு பயமும் இல்ல."

சொல்லி முடித்துவிட்டு அவர் தோள்துண்டால் கண்ணைத் துடைத்தார். எனக்கு அவரைப் பிடித்து வெளியே தள்ள வேண்டும் போலிருந்தது. ஏன் சொன்னீர், ஏன் இதையெல்லாம் சொன்னீர் என்று கத்த வேண்டும் போலிருந்தது. அதற்குள் கதவுக்குப் பின்னாலிருந்து மைனியின் குரல் வந்தது, எப்போதும்போல.

"ஏட்டி, அவருக்குச் சோறு எடுத்து வை. தூரம் நடந்து வந்திருக்காரு."

வைத்தேன். மீன்குழம்பு ஊற்றினேன். அவர் சாப்பிட்டு, சலாம் சொல்லிவிட்டுப் போனார். இலையை எடுத்துப் போட்டுவிட்டு நான் அறைக்குள் போனேன். மைனி சுவரில் சாய்ந்து முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். எவ்வளவு புரிந்திருக்கும் அவளுக்கு, புரியாமல் இருந்தால் நன்றாக இருக்குமே என்று அல்லாஹ்விடம் கேட்டுக்கொண்டே பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"நான் கண்டுட்டேன்னு அவியளுக்குத் தெரிஞ்சுது, இல்லியாட்டி?" என்று கேட்டாள்.

"தெரிஞ்சுது மைனி."

அவள் என் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள்.

"தெரிஞ்சதுனாலதான் அங்கயே நின்னுட்டாவ" என்றாள்.